“ஆஃப் பண்ணிட்டேன் அக்கா”

பிரான்க்ளின் கையில் முதன்முதலில் கேமரா வந்தது ஒரு கல்யாண மண்டபத்துச் சண்டையில். மலாக்காவில், புக்கிட் ரம்பாய் தொழிற்சாலையில் அவனோடு ஒரே ஷிஃப்டில் வேலை பார்த்த கோகுலராஜ், ஞாயிற்றுக்கிழமைகளில் கல்யாணங்களுக்கு வீடியோ எடுத்துக்கொண்டிருந்தான். மெர்லிமாவில் ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டாரோடு அவனுக்கு வாய்த்தகராறு முற்றிவிட்டது. சண்டை போட இரண்டு கையும் வேண்டியிருந்ததால், துணைக்கு வந்திருந்த பிரான்க்ளின் தோளில் கேமராவை ஏற்றிவிட்டுப் போனான். அவன் திரும்பி வருவதற்குள் தாலி கட்டியாகிவிட்டது.

மறுநாள் ஷிஃப்டில் கோகுலராஜ் கேட்டான். “டேய், பொண்ணோட அப்பா ஓரமா நின்னு கண்ணத் தொடச்சத எப்படிடா பார்த்தே? எல்லாரும் தாலியத்தானே பார்ப்பாங்க?”

பிரான்க்ளின் அதைத் தேடிப் பார்க்கவில்லை. கண்ணுக்குப் பட்டது, எடுத்தான். அவ்வளவுதான். அப்போது அவனுக்கு வயது இருபத்து மூன்று.

அடுத்த வருஷமே இருவரும் வேலையை விட்டார்கள். தோட்டத்து லாரி ஓட்டி மகனைப் படிக்க வைத்த பிரான்க்ளினின் அப்பா அம்புரோஸ், மூன்று மாதம் அவனோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. கோலாலம்பூரில் தொலைக்காட்சி நாடகங்களில் கோகுலராஜ் உதவி இயக்குநரானான். பிரான்க்ளின் கேபிள் இழுத்தான், விளக்குச் சுமந்தான். வாய் உள்ளவன் கோகுலராஜ். யாரிடம் எப்போது சிரிக்க வேண்டும் என்று அவனுக்குத் தெரியும். பிரான்க்ளினுக்காகவும் சேர்த்துப் பேசுவான். “என் கேமராமேன் இல்லாம நான் வரமாட்டேன்” என்று அவன் பிடிவாதம் பிடித்துக் கிடைத்த வேலைகள்தான் ஆரம்பத்தில் இவனுக்குச் சோறு போட்டன. பிரான்க்ளின் கேத்லீனைக் கைப்பிடித்த அன்று தேவாலயத்தில் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவனும் அவன்தான்.

பிறகு ஒரு வெளிநாட்டுத் தொடருக்காக மலாக்கா ஆற்றோரத்துக்குப் படப்பிடிப்புக் குழு ஒன்று வந்தது. ஒளிப்பதிவாளர் டென்மார்க்காரர், பெயர் மோர்ட்டன். முதல் நாள் காலையில் பிரான்க்ளின் உட்பட ஐந்து பேர் சேர்ந்து லாரியிலிருந்து இறக்கிய விளக்குகளை எல்லாம், “வேண்டாம், திருப்பி ஏற்றுங்கள்” என்றார் அந்த மனுஷன். பிரான்க்ளினுக்குக் கோபம் மூக்குக்கு மேல் வந்தது. ஆனால், ஒரே ஜன்னலைத் திறந்து வைத்து அவர் எடுத்த காட்சியைத் திரையில் பார்த்ததும் இன்னொரு முறை போடச் சொல்லிக் கேட்டான். மீன் தொழிற்சாலையில் வேலை பார்த்துவிட்டு இந்தப் பக்கம் வந்தவராம் அவர். அதனாலோ என்னவோ இவனோடு ஒட்டிக்கொண்டார். அந்தத் தொடர் முடிந்த பிறகும், பினாங்கு, தாய்லாந்து என்று போன இடத்துக்கெல்லாம் ஃபோக்கஸ் பார்க்க இவனைத்தான் கூப்பிட்டார். நாற்பது வயதுக்குள் பிரான்க்ளின் தனியாக ஒளிப்பதிவு செய்யும் ஆளாகிவிட்டான். எடுத்த படங்கள் பெரிதாக ஓடாவிட்டாலும், “படம் பிடிச்சிருக்கற விதம் நல்லா இருக்கு” என்று பெயர் வந்தது.

அந்தச் சமயத்தில்தான் கோகுலராஜ் ஓர் ஆவணப்பட யோசனையோடு வந்தான்.

மெர்லிமாவை ஒட்டிய ஒரு தோட்டம் விற்பனையாகிவிட்டது. வீடமைப்புத் திட்டம் வரப்போகிறது. தொழிலாளர் லயத்தில் மிச்சமிருந்த பன்னிரண்டு குடும்பங்களைக் காலி செய்யச் சொல்லியிருந்தார்கள். அம்புரோஸ் லாரி ஓட்டியது அந்தத் தோட்டத்தில்தான். பன்னிரண்டு வயது வரை பிரான்க்ளின் வளர்ந்ததும் அங்கேதான்.

“லயத்து ஆளுங்க பத்திரிகைக்காரனயே உள்ள விடமாட்டாங்க. உன்ன விடுவாங்க” என்றான் கோகுலராஜ்.

விட்டார்கள். அம்புரோஸ் மகன் என்றதும் கதவு திறந்தது. முதலில் திறந்தது இருசம்மாளின் கதவு. அறுபதைத் தாண்டியவள். செடிகளுக்கு மருந்தடித்து, எண்ணெய்க்கான செம்பனைப் பழம் பொறுக்கி, முதுகு வளைந்துபோனவள். புருஷன் நல்லமுத்து இறந்து ஏழெட்டு வருஷம் இருக்கும். ஒரே மகள் ஷாந்தினிக்கு செங் என்ற ஊரில் தொழிற்சாலை வேலை. அங்கேயே வாடகை வீடு எடுத்துக்கொண்டு, வாரக் கடைசியில் மோட்டார் சைக்கிளில் வந்து போவாள்.

“பிராங்கு, நீ எடுக்கறதுன்னா எடு. ஆனா நான் பல்லு போட்டுக்கறேன், இரு” என்றாள் இருசம்மாள். நாலு மாதம் அவன் அங்கே போய்வந்தான். அவன் வருகிற நாளில் கருவாட்டுக் குழம்பு வைப்பாள்.

ஒருநாள் மதியம். மழை விட்டு வெயில் வந்திருந்தது. கோகுலராஜ் கோலாலம்பூரில் இருந்தான். ஜன்னலோரம் உட்கார்ந்து, எடுத்துப் போவதற்கான துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள் இருசம்மாள். பெட்டிக்கு அடியிலிருந்து ஒரு குழந்தைச் சட்டை வந்தது. அதை விரித்து மடியில் போட்டு நீவினாள்.

“அத அமத்து தம்பி. உங்கிட்ட ஒண்ணு சொல்லணும். இத்தன வருசமா யாருகிட்டயும் சொல்லல. அவரும் போய்ட்டாரு. நெஞ்சு அடைக்குது.”

“ஆஃப் பண்ணிட்டேன் அக்கா” என்றான் பிரான்க்ளின்.

விரல் பொத்தானுக்குப் போனது உண்மை. ஆனால் பக்கத்துக் கூரையின் ஈரத் தகரத்தில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் அவள் கன்னத்தில் விழுந்திருந்தது. அந்தச் சட்டை, அந்தக் கை, அந்த முகம். பதினைந்து வருஷத்துக்கு மேல் வெளிச்சத்தைத் தேடி அலைந்தவன் அவன். விரல் பொத்தான்மேல் இருந்தது, அழுத்தவில்லை. கேமராவின் சிவப்பு விளக்கைப் பார்த்து ஆட்கள் கூச்சப்படுகிறார்கள் என்று, அதன்மேல் எப்போதோ கறுப்பு டேப் ஒட்டி வைத்திருந்தான்.

இருசம்மாள் சொன்னாள். ஷாந்தினி அவள் பெற்ற பிள்ளை இல்லை. நல்லமுத்துவும் அவளும் மூவார் பக்கத்துத் தோட்டத்தில் மூன்று வருஷம் வேலைக்குப் போயிருந்தபோது, அவள் பெற்ற குழந்தை எட்டாம் நாள் இறந்துவிட்டது. அதே வாரம் அடுத்த வீட்டில் கல்யாணமாகாத ஒரு பெண்ணுக்குப் பிரசவம். பெயர் ஜெயா. பத்தாவது நாள், பிள்ளையை இருசம்மாள் மடியில் போட்டுவிட்டுப் போனவள்தான், திரும்பி வரவில்லை.

“எனக்குப் பால் கட்டிக்கிட்டு வலிச்சிச்சுப்பா. அந்தப் புள்ள அழுதுச்சு. எடுத்துக் குடுத்தேன். அதுல இருந்து என் புள்ளதான். அவகிட்ட சொல்லிப்புட்டா, என்ன விட்டுப் போயிருவாளோன்னு பயம்.”

பதினோரு நிமிஷம். அவள் சொல்லி முடித்து, முந்தானையில் மூக்கைச் சிந்தி, “நீ யாருகிட்டயும் சொல்லிராத” என்றாள். அவன் தலையாட்டினான்.

அதை அன்றே அழித்திருக்கலாம். இரண்டு முறை லேப்டாப்பைத் திறந்தான். இரண்டு முறையும் அழிக்காமல் முழுவதும் பார்த்தான். தன் வாழ்நாளில் எடுத்ததிலேயே ஆகச் சிறந்தது இதுதான் என்று அவனுக்குத் தெரிந்தது. அதை ஒரே ஒருவராவது பார்க்க வேண்டும் என்று இருந்தது. கேத்லீனிடம் காட்ட முடியாது, காறித் துப்புவாள். கோகுலராஜிடம் காட்டினான்.

கோகுலராஜ் கண் கலங்கிப் பார்த்தான். “மச்சான், என்னடா இது…” என்றான்.

“இது படத்துல வராது. உனக்கு மட்டும்தான். அவங்களுக்குத் தெரியாம எடுத்தது.”

“பைத்தியமா எனக்கு? அந்தம்மா எனக்கும்தானே சோறு போட்டாங்க. சத்தியமா தொடமாட்டேன்.” பிரான்க்ளினின் உள்ளங்கையில் அடித்துச் சொன்னான். மொத்தப் பதிவையும் சேர்த்துக் கொடுத்தபோது, அந்தப் பதினோரு நிமிஷமும் அதே ஹார்ட் டிஸ்க்கில் கூடவே போனது. தனியாகப் பிரித்தெடுக்க வேண்டும் என்று பிரான்க்ளினுக்குத் தோன்றவில்லை. அது கோகுலராஜ்தானே.

படத்தின் முதல் திரையிடல் மலாக்கா டவுனில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். பன்னிரண்டு குடும்பமும் பஸ் பிடித்து வந்திருந்தார்கள். இருசம்மாள் பட்டுச்சேலை கட்டி, மகளோடு வந்து, “பிராங்கு, நீ என் பக்கத்துல உட்காரு. எனக்கு இதெல்லாம் புரியாது” என்று கையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

படம் நன்றாகத்தான் போனது. தங்கள் முகத்தைத் திரையில் பார்த்து ஆட்கள் கூவிச் சிரித்தார்கள். பாதிப் படம் தாண்டியதும் திரையில் ஜன்னல் வந்தது, மழை வெளிச்சம் வந்தது, மடித்த துணி வந்தது. இதற்குப் பிறகு கோகுலராஜ் வெட்டியிருப்பான் என்று பிரான்க்ளின் ஒரு நொடி நம்பினான். குழந்தைச் சட்டை வந்தது.

வெட்டவில்லை. நான்கு நிமிஷம் ஓடியது. கீழே ஆங்கிலத்தில் வரி ஓடியது. இருசம்மாள் அவன் கையை விட்டாள். உதறவில்லை. மெதுவாக எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். திரையில் பெரிதாகத் தெரிந்த தன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், யாரோ தெரியாதவளைப் பார்ப்பதுபோல.

ஷாந்தினி அம்மாவைப் பார்க்கவில்லை. அம்மாவைத் தாண்டிக் குனிந்து பிரான்க்ளினைப் பார்த்தாள்.

“அங்கிள், உங்களுக்கு எப்பத் தெரியும்?”

அவன் திரையைப் பார்த்தான்.

“நாலு மாசமா? அஞ்சு மாசமா? போன வாரம்கூட என் வீட்டுல சாப்பிட்டீங்களே.”

அம்மாவைத் தோளோடு அணைத்து எழுப்பி, இருட்டில் கால்களை மிதித்துக்கொண்டு வெளியே கூட்டிப்போனாள். படம் முடிந்து விளக்கு எரிந்ததும் எல்லாரும் எழுந்து கை தட்டினார்கள்.

கார் நிறுத்துமிடத்தில் பிரான்க்ளின் கோகுலராஜின் சட்டையைப் பிடித்தான். “சத்தியம் பண்ணியேடா!”

“பண்ணேன்லா. எடிட் பண்றப்ப அது இல்லாம படத்துக்கு உயிரே இல்ல. மூணு பேருக்குப் போட்டுக் காட்டினேன், மூணு பேரும் அழுதாங்க. உங்கிட்டச் சொன்னா நீ விடமாட்டே.” சட்டையை விடுவித்துக்கொண்டான். குரலில் கோபம்கூட இல்லை. “நீதானே எடுத்தே? நீதானே எங்கிட்டக் குடுத்தே? ஆஃப் பண்ணிட்டேன்னு அந்தம்மாகிட்டச் சொன்னது நானா?”

பிரான்க்ளின் ஓங்கிய கையைக் கீழே போட்டான்.

அந்தக் காட்சியை நீக்கச் சொல்லிப் படக் கம்பெனிக்கு எழுதிப் பார்த்தான். பதிவு முழுக்கக் கம்பெனிக்குச் சொந்தம் என்று அவன் கையெழுத்துப் போட்டிருந்த தாளைப் படம் எடுத்து அனுப்பினார்கள். வேண்டுமானால் அவன் பெயரை எடுக்கலாம் என்றார்கள். எடுக்கச் சொன்னான். அதற்குள் வெளிநாட்டு விழா ஒன்றில் ஒளிப்பதிவுக்குப் பரிசு அறிவித்துவிட்டார்கள். குறிப்பாக அந்த நான்கு நிமிஷத்துக்கு. மோர்ட்டனிடமிருந்து செய்தி வந்தது. ‘இப்படி ஒரு காட்சி என் வாழ்க்கையில் எனக்கு அமைந்ததில்லை. அந்த அம்மா உன்னை எவ்வளவு நம்பியிருக்க வேண்டும்.’ கோகுலராஜ்தான் மேடை ஏறி பிரான்க்ளின் சார்பில் பரிசை வாங்கினான். நண்பனைப் பற்றி நா தழுதழுக்க நல்லதாக நாலு வார்த்தை சொன்னானாம்.

கேத்லீன் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று சொன்னாள். “அவன் உங்களுக்குச் செஞ்சத மட்டும் சொல்லிக்கிட்டு இருக்காதீங்க.”

செங்கில் ஷாந்தினியின் வீட்டுக்கு இரண்டு முறை போனான். தோட்டத்து வீட்டைக் காலி செய்துவிட்டு இருசம்மாளும் அங்கேதான் இருந்தாள். முதல் முறை கதவு திறக்கவில்லை. இரண்டாம் முறை இருசம்மாளே கம்பிக் கதவுக்குப் பின்னால் வந்து நின்றாள். பல் போட்டிருக்கவில்லை.

“அக்கா, அன்னைக்கு நான் ஆஃப் பண்ணல. கோகுல் மேல பழி போட வரல. நான்தான் ஆஃப் பண்ணல.”

“தெரியும்பா. படத்துல பார்த்தேனே” என்றாள். “எம் புள்ள என்ன விட்டுப் போகல. நான்தான் பயந்துட்டேன். அவ எங்கேயும் போகல.” பிறகு, “உன்ன நெனச்சாத்தான் பயமா இருக்கு. நீ போ” என்று மரக்கதவைச் சாத்தினாள்.

அதன் பிறகு பிரான்க்ளின் ஆட்களைப் படம் எடுப்பதை விட்டுவிட்டான். தொழிற்சாலைகளுக்குப் பாதுகாப்புப் பயிற்சி வீடியோக்கள் எடுத்துக் கொடுக்கிறான். இயந்திரங்கள், தலைக்கவசம், அவசர வழி.

போன மாதம் ஷாந்தினியிடமிருந்து அழைப்பு வந்தது. செங்கில் தொழிற்சாலைக்கு எதிரே உள்ள சாலையோர ஒட்டுக்கடைக்கு வரச் சொன்னாள். அவன் போனபோது வேலைச் சட்டையோடு உட்கார்ந்திருந்தாள். வணக்கம் சொல்லவில்லை.

“அந்தப் பதிவ முழுசா வச்சிருக்கீங்களா? படத்துல என்னப் பெத்தவங்க பேர வெட்டிட்டாங்க. அம்மாவக் கேட்டா அழறாங்க, திரும்பக் கேட்க எனக்கு மனசு வரல. அதுல பேர் இருக்கா?”

“இருக்கு.”

லேப்டாப்பைத் திறந்து அவள் பக்கம் திருப்பி வைத்துவிட்டு, எழுந்து சாலையோரம் போய் நின்றான். பதினோரு நிமிஷம் லாரிகளைப் பார்த்துக்கொண்டிருந்தான். திரும்பி வந்தபோது அவள் கண் சிவந்திருந்தது. ஒரு பென்டிரைவை மேசையில் வைத்திருந்தாள்.

“இதுல போடுங்க. போட்டுட்டு, உங்ககிட்ட இருக்கறத என் கண்ணு முன்னாடி அழிங்க.”

போட்டான். அழித்தான். லேப்டாப்பின் குப்பைத் தொட்டியையும் காலி செய்து காட்டினான்.

“வேற எங்கயும் இல்லையே?”

“கோகுல்கிட்ட இருக்கு.”

அவள் பென்டிரைவை வேலைச் சட்டைப் பைக்குள் போட்டுப் பொத்தான் மாட்டினாள். தொழிற்சாலையில் மணி அடித்தது. அவனுக்கு முன்னால் ஆறிப்போயிருந்த தே ஓ தேநீருக்கும் சேர்த்துத் தானே காசு வைத்துவிட்டு, சாலையைக் கடந்து உள்ளே போனாள்.