அல் ஐனில் ஒரு கதாநாயகி

அமீரகத்தின் அல் ஐன் நகரில் ஒரு தையல்கடை. என் பையின் அறுந்த வாரைத் தைக்கக் கொடுத்துவிட்டு நிற்கிறேன். பக்கத்தில் நடக்கும் படப்பிடிப்பிலிருந்து ஸ்பெயின் நடிகை ஒருவர், கிழிந்த அங்கியைத் தூக்கிக்கொண்டு தானே ஓடி வருகிறார். வெயில் சாய்வதற்குள் கடைசிக் காட்சியை எடுத்தாக வேண்டுமாம்.

கடைக்காரர் காதர் பாய் கீழக்கரைக்காரர். என் பையை ஒதுக்கி வைத்துவிட்டு அங்கியை வாங்குகிறார். நடிகை இருபது வருடம் டிவி தொடர்களில் வேலைக்காரியாகவே நடித்தவராம், முதல்முறையாகக் கதாநாயகியாம். இதை அவர் ஆங்கிலத்தில் சொல்ல, நான் தமிழில் சொல்கிறேன்.

"அப்ப இந்தத் தையல் பிரியவே பிரியாதுன்னு சொல்லுங்க, தம்பி."

தைத்த இடம் தெரியவில்லை. நடிகை விரலால் தடவித் தேடிப் பார்க்கிறார். படத்தின் முடிவில் வரும் பெயர்களில் சேர்க்கச் சொல்வதற்காக தைத்தவரின் பெயரைக் கேட்கிறார்.

காதர் பாய் நிமிர்ந்து உட்கார்கிறார்.

"வெறும் காதர்னு வேணாம். கீழக்கரை காதர்னு போடச் சொல்லுங்க."