தாகத்துக்கு முழுங்கின நீர் மாத்திரை

அம்மனை நம்புற அக்கா தங்கச்சிங்களே, போன ஆடியில என் தாலிய அவதான் காப்பாத்திக் குடுத்தா.

நாங்க தவளக்குப்பம். வீட்டுக்காரருக்குச் சேதராப்பட்டுல கம்பெனி வேலை. கால் ரெண்டும் வீங்கி, படுத்தா மூச்சு வாங்குதுன்னு டாக்டர்கிட்ட போனோம். இதயம் பலவீனமா இருக்குதுன்னு சொல்லி, காலைல ஒண்ணு போடச் சொல்லி நீர் மாத்திரை குடுத்தார். அது வீராம்பட்டினம் அம்மன் தேருக்கு முந்தின வாரம்.

தேரன்னிக்கு வடம் புடிக்கிற வரைக்கும் பச்சத்தண்ணி பல்லுல படக்கூடாதுன்னு மனுசன் வேண்டிக்கிட்டார். வேணாங்கன்னு தலைபாடா அடிச்சிக்கிட்டேன். நான் சொல்லிக் கேக்குற ஆளா அவரு?

வெயில் மண்டையப் பொளந்துச்சு. வடத்துக்கிட்ட போறதுக்குள்ளயே கண்ணு சொருகி என் மேல சாஞ்சிட்டார். கூப்ட்டா பதில் இல்ல. மாரடைப்புதான்னு பக்கத்துல யாரோ சொன்னாங்க.

ஆட்டோல அவர் தலைய மடில வெச்சிக்கிட்டுக் கதறினேன். ஆத்தா, இவருக்கு என்னான்னு காட்டிக் குடு, இல்லன்னா என்னையும் சேத்து எடுத்துக்கோன்னு கேட்டேன்.

அப்பத்தான் அவர் உதடு அசைஞ்சுது.

"நீர் மாத்திரை ரெண்டு போட்டனே... இன்னும் தாகம் அடங்கலியே."

எனக்கு விசயம் வெளங்கிடுச்சு. ஒடம்புல தேங்குன நீர வெளிய தள்ளுற மாத்திரைங்க அது. இவரு நீர் குடுக்குற மாத்திரைன்னு நெனச்சு, தண்ணியில்லாமலே முழுங்கியிருக்கார்! தண்ணி குடிக்காமலே ஒண்ணுக்கு வருதே, மாத்திரைல எம்மாம் நீர் இருக்குது பாருன்னு அன்னிக்குக் காலைல சொன்னார். தமாஷ் பண்றார்னு நெனச்சேன்.

ஆஸ்பத்திரி வாசல்லயே டாக்டரம்மாகிட்ட அத ஒப்பிச்சேன். ரத்த அழுத்தம் ரொம்ப எறங்கிடுச்சு, உப்புச்சத்தும் கொறைஞ்சிடுச்சு, நல்லவேளை சொன்னீங்கன்னாங்க. இதயம் தாங்கணுமேன்னு பாத்துப் பாத்து டிரிப் ஏத்துனாங்க. வெளிய உக்காந்திருந்த எனக்கு வாயெல்லாம் ஒலந்து போச்சு. ஒவ்வொரு தரம் கதவு தொறக்கறப்பவும் செத்துப் பொழச்சேன்.

சாயங்காலம் கண்ணு முழிச்சார். நர்ஸம்மா சொன்னதும் ஒரு மடக்கு தண்ணி குடுத்தேன். சாமிக்கு அபிஷேகம் பண்ண மாதிரி இருந்துச்சு.

இப்ப விரதம்னாலும் வாந்தி பேதின்னாலும் டாக்டரக் கேட்டுட்டுத்தான் அந்த மாத்திரையத் தொடுறார். தானா கூட்டறதும் இல்ல, நிறுத்தறதும் இல்ல. எவ்ளோ தண்ணி குடிக்கணும்னும் கேட்டுக்கிட்டார். வேண்டுதல மாத்திக்கிட்டா ஆத்தா கோச்சிக்க மாட்டா, அவ பெத்தவ.

எனக்குப் பயம் இன்னும் போவல. பயத்தோடதான் கும்புடறேன். உங்களுக்கும் இப்பிடி ஒரு பயம் வந்துச்சுன்னா அவள வாய்விட்டுக் கூப்டுங்க. பதில் யார் வாயிலேர்ந்து வந்தாலும் காது குடுத்துக் கேளுங்க.