கோட்டுக்கு வெளியே தங்கபுஷ்பம்

பந்து எப்போது கோலுக்குள் போகும் என்று தங்கபுஷ்பத்துக்குத் தெரியும். உதைப்பதற்குச் சற்று முன்னால் தெரியும். எப்படித் தெரிகிறது என்று சொல்லத் தெரியாது. இந்திய அணியில் முன்கள வீராங்கனையாக இருந்த காலத்தில் ஒரு பத்திரிகைக்காரர் கேட்டார். "கால்ல ஒரு மாதிரி இருக்கும் சார்" என்றாள். அவர் வேறு எதையோ எழுதிக்கொண்டார்.

இலஞ்சியில் பிறந்தவள். அப்பா தேங்காய் லோடு வண்டி ஓட்டினார். பள்ளிக் கபடி அணியில் இடம் கிடைக்காமல் கால்பந்துக்குப் போனாள். மாவட்டம், மாநிலம், பிறகு ஒருநாள் காத்மாண்டுவில் நீலச் சட்டை. முதல் ஆட்டத்திலேயே ஒரு கோல். ஊரில் பேனர் வைத்தார்கள். அதில் அவள் பெயரைவிட பேனர் வைத்தவர்களின் பெயர்கள் பெரிதாக இருந்தன. விளையாட்டு ஒதுக்கீட்டில் ரயில்வே வேலை வந்தது. வெளிநாட்டு மைதானங்களில் குளிரில் நின்று தேசிய கீதம் பாடினாள். கட்டாக்கில் ஓர் ஆட்டத்தில் இடது முழங்கால் போயிற்று. அறுவை சிகிச்சைக்குப் பிறகு கால் நடந்தது, ஓடவும் செய்தது. திரும்பும்போது மட்டும் யோசித்தது. யோசிக்கிற காலை வைத்துக்கொண்டு முன்களத்தில் ஒன்றும் செய்ய முடியாது.

தென்காசி ஸ்டேஷனுக்கு மாற்றல் வாங்கி முன்பதிவு கவுண்டரில் உட்கார்ந்தாள். குற்றாலீஸ்வரனைக் கல்யாணம் செய்துகொண்டாள். அவனுக்கு ஐந்தருவிப் பாதையில் பழக்கடை. சீசனில் ரம்புட்டான், மங்குஸ்தான். மற்ற மாதங்களில் வாழைப்பழம். ஓர் அணியில் எத்தனை பேர் ஆடுவார்கள் என்று அவனுக்கு இன்றைக்கும் உறுதியாகத் தெரியாது. வீட்டில் பந்தைப் பற்றிப் பேச வேண்டியதில்லை என்பது அவளுக்கு நிம்மதியாக இருந்தது.

ஆனாலும் பயிற்சியாளர் ஆனாள். சென்னையில் லைசென்ஸ் வகுப்பு. "விடையைச் சொல்லாதீர்கள், கேள்வியைக் கேளுங்கள்" என்று அங்கே சொல்லிக்கொடுத்தார்கள். பரீட்சையில் அதை அப்படியே எழுதித் தேறினாள். ஊருக்கு வந்து பெண்கள் அணி ஒன்றை எடுத்துக்கொண்டாள். மருந்துக்கடையில் வேலை செய்யும் மிஸ்ரியா கோல்கீப்பர். கல்லூரி முடித்துவிட்டு அரசுத் தேர்வுக்குப் படிக்கும் ஆனந்தவள்ளி முன்களம். மற்றவர்களில் ஒரு நர்ஸ், ஜவுளிக்கடைப் பெண்கள், கைக்குழந்தைக்காரி ஒருத்தி. இலஞ்சிக்கும் குற்றாலத்துக்கும் நடுவே மைதானம். சீசன் வந்தால் அதில் பாதியை டூரிஸ்ட் வேன்களுக்கு விட்டுவிடுவார்கள். மீதிப் பாதியில், சாரலில், பயிற்சி நடக்கும். அருவியில் குளித்துவிட்டு வந்தவர்கள் தலைத் துண்டோடு நின்று பார்ப்பார்கள்.

அவள் கேள்வி எதுவும் கேட்கவில்லை. கோட்டுக்கு வெளியே நிற்பாள். ஆனந்தவள்ளி பந்தோடு போகும்போது சரியான நொடியில் "இப்ப!" என்று கத்துவாள். வேன்களுக்குள் தூங்கும் டிரைவர்கள் எழுந்துகொள்வார்கள். ஆனந்தவள்ளி அடிப்பாள். மிஸ்ரியா பாய்ந்து பிடிப்பாள். பெரும்பாலும் பிடித்துவிடுவாள்.

"நம்ம மாவட்டத்துல இவள மாதிரி கீப்பர் கெடையாது" என்று தங்கபுஷ்பம் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொன்னாள். மிஸ்ரியா தலையைக் குனிந்துகொள்வாள். அடக்கம் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

சீசன் கோப்பை இறுதியாட்டத்தில் இரண்டு வருடம் தொடர்ந்து கேரளத்துப் புனலூர் அணியிடம் தோற்றார்கள். மூன்றாம் வருடம் ஜூனில், அணியையும் கோப்பையையும் நடத்தும் கமிட்டியின் தலைவர் சந்தானகிருஷ்ணன் அவளைக் கவுண்டருக்கே தேடி வந்தார். லாட்ஜ் வைத்திருக்கிறார். யாரிடமும் கடுமையாகப் பேசத் தெரியாதவர்.

"ஒன்ன மாதிரி ஆடுனவ இந்தப் பக்கத்துல யாரும்மா இருக்கா?" என்றார். "ஆனா ஆடுதது வேற, ஆட வைக்கது வேறன்னு கமிட்டில சொல்லுதாவ. இந்த வருசமும் போச்சுன்னா நாகர்கோயில்லேருந்து ஒரு ஆளக் கூட்டிட்டு வரணுங்காவ. நீ மனசுல ஒண்ணும் வச்சுக்கிடாத."

"வச்சுக்கிட மாட்டேன் அண்ணாச்சி" என்றாள். அவருக்குப் பின்னால் வரிசையில் நின்றவர், "மெட்ராஸுக்கு ரெண்டு சைடு லோயர் இருக்காம்மா?" என்று கேட்டார்.

அந்த மைதானத்தின் கோட்டோரத்தைத் தவிர உலகத்தில் அவளுக்கு வேண்டிய இடம் வேறு எதுவும் இல்லை என்று அன்றைக்குத் தெரிந்தது.

சீசன் கோப்பைக்கு முன்னால் புனலூர் அணியோடு ஆரியங்காவில் ஒரு நட்பு ஆட்டம் நடக்கும். ஜெயித்தவர்கள் தோற்றவர்களுக்குப் புளியறையில் பரோட்டா வாங்கிக்கொடுக்க வேண்டும் என்பது இரண்டு அணிகளுக்கும் பழக்கம். அந்த வருடமும் தென்காசிப் பெண்கள் ஓசிப் பரோட்டா சாப்பிட்டார்கள். செக்போஸ்ட் லாரிகள் வெளியே உறுமிக்கொண்டு நின்றன. புனலூர் கோல்கீப்பர் ஜின்சி, தங்கபுஷ்பத்துக்கு எதிரில் வந்து உட்கார்ந்தாள். நல்ல பெண். சால்னாவை அவள் பக்கம் நகர்த்தி வைத்துவிட்டுச் சொன்னாள்.

"சேச்சி, ஒரு காரியம் சொன்னா தேஷ்யப்படக் கூடாது."

"கோவமெல்லாம் இல்ல. சொல்லு."

"நீங்க 'இப்ப'ன்னு விளிக்கும்போதே ஞான் சாடும். பந்து பின்னாலதான் வரும்." உட்கார்ந்தபடியே பக்கவாட்டில் பாய்வதுபோல் சாய்ந்து காட்டினாள்.

தங்கபுஷ்பம் பிய்த்த பரோட்டாவை இலையிலேயே வைத்தாள். சத்தம் முன்னால். பந்து பின்னால். இரண்டு வருடமாக எதிரணிக் கீப்பருக்கு அவளே ஆள் வைத்ததுபோல் சொல்லிக்கொடுத்திருக்கிறாள். பக்கத்து மேஜையில் மிஸ்ரியாவுக்குப் புரையேறியது. புரை அடங்க நேரமானது. தங்கபுஷ்பம் திரும்பிப் பார்த்தாள்.

"ஏட்டி, ஒனக்கும் தெரியுமா?"

மிஸ்ரியா தண்ணீரைக் குடித்தாள். "பின்ன பிராக்டிஸ்ல நான் எப்படிப் பிடிக்கேன்னு நெனச்சிய?"

"சொல்ல வேண்டியதுதான?"

"மாவட்டத்துலயே என்னை மாதிரி கெடையாதுன்னு எல்லார்ட்டயும் சொல்லிட்டு அலையுதிய. நான் எப்படிக்கா சொல்ல?"

இரண்டு அணியும் சிரித்தது. தங்கபுஷ்பமும் சிரித்தாள். பிறகு சாப்பிடாமல் எழுந்து கை கழுவினாள்.

வாயை மூடிக்கொள்வது அவளுக்கு முழங்கால் சிகிச்சையைவிடச் சிரமமாக இருந்தது. சத்தம் அவளைக் கேட்டுக்கொண்டு வருவதில்லை. விசிலைக் கடித்துக்கொண்டு பார்த்தாள், விசில் ஊதியது. குற்றாலீஸ்வரன் கடையிலிருந்து ரம்புட்டான் கொண்டுவந்தான். "ரெண்டு கன்னத்துலயும் ஒவ்வொண்ணு அடக்கிக்க. பேச முடியாது." அடக்கிக்கொண்டு நின்றாள். ஆனந்தவள்ளி அடிக்கப் போனபோது ஒரு ரம்புட்டான் கோட்டைத் தாண்டி மைதானத்துக்குள் போய் விழுந்தது.

"ஒங்க கோல்தாங்க்கா மொதல்ல" என்றாள் ஆனந்தவள்ளி.

கோப்பை இறுதியாட்டத்தன்று வானம் மூடியிருந்தது. எதிரே புனலூர். வேன்களை ஓரமாக ஒதுக்கி முழு மைதானத்தையும் விட்டிருந்தார்கள். சந்தானகிருஷ்ணனும் கமிட்டிக்காரர்களும் பந்தல் போட்டு உட்கார்ந்திருந்தார்கள்.

முதல் பாதியில் தங்கபுஷ்பம் வாயே திறக்கவில்லை. இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். அப்போதுதான் இன்னொன்று தெரிந்தது. ஆனந்தவள்ளி பந்தோடு கோலுக்கு முன்னால் தனியாகப் போனாள். போய் நின்றாள். கோட்டோரம் திரும்பிப் பார்த்தாள். அதற்குள் பந்து போய்விட்டது. மறுபடியும் போனாள், மறுபடியும் பார்த்தாள். இத்தனை நாளும் அவள் கோலைப் பார்த்து அடிக்கவில்லை, சத்தத்துக்குத்தான் அடித்திருக்கிறாள். ஒருமுறை ஆனந்தவள்ளி, ஜின்சி இருவரும் ஒரே நேரத்தில் தங்கபுஷ்பத்தின் வாயைப் பார்த்தார்கள். பந்து யாரும் தொடாமல் நடுவே உருண்டு வெளியே போயிற்று. கூட்டம் கத்தியது.

இடைவேளை வரை கோல் எதுவும் இல்லை.

"பொய்யா ஒரு தடவ கத்துங்கக்கா" என்றாள் மிஸ்ரியா. "அவ சாடட்டும்."

"நல்லாருக்கே" என்றாள் ஆனந்தவள்ளி. "எது பொய், எது நெசம்னு எனக்கு எப்படித் தெரியும்? நான்ல மொதல்ல ஏமாறுவேன்."

தங்கபுஷ்பம் ஆனந்தவள்ளியைப் பார்த்தாள். லைசென்ஸ் வகுப்பு நினைவுக்கு வந்தது. முதல்முறையாக ஒரு கேள்வி கேட்டாள்.

"அடிக்கதுக்கு முன்னாடி ஒனக்குக் கால்ல ஏதாவது தெரியுதாட்டி?"

ஆனந்தவள்ளி யோசித்தாள். "தெரியலக்கா. நீங்க சொல்லிருவியள்ல, அதனால நான் பாத்ததே இல்ல."

"சரி. போய்ப் பாரு."

இரண்டாம் பாதி தொடங்கியதும் தங்கபுஷ்பம் மைதானத்துக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றுகொண்டாள்.

சந்தானகிருஷ்ணன் பந்தலிலிருந்து இறங்கி வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வந்தார். "ஏம்மா, ஆட்டம் அங்கன நடக்கு."

"தெரியும் அண்ணாச்சி."

"கமிட்டில எல்லாரும் பாக்காவ. கோவிச்சுக்கிட்டு நிக்கான்னு சொல்லுதாவ."

"கோவமில்ல. நான் பாத்தா கத்திருவேன். கத்துனா தோத்துருவோம்."

அவருக்குப் புரியவில்லை. வேட்டியைத் தூக்கிப் பிடித்தபடியே பந்தலுக்குத் திரும்பினார். நாகர்கோயில் ஆளை இன்றைக்கே போனில் கூப்பிட்டாலும் கூப்பிடுவார் என்று அவளுக்குத் தோன்றியது. திரும்பவில்லை.

எதிரே வேன்கள். அவற்றின் நடுவே கடையை மூடிவிட்டு வந்த குற்றாலீஸ்வரன் நின்றான். மைதானத்தைப் பார்த்தபடி நின்றான். அவன் முகத்தை வைத்து ஆட்டத்தைத் தெரிந்துகொள்ளப் பார்த்தாள். கண்ணை அகல விரித்தான். கோல் என்று நினைத்தாள். யாரோ பந்தைக் கையால் எறிந்ததற்குத்தான் அந்த வியப்பு என்று பிறகு தெரிந்தது. வாயைப் பிளந்தான். அது மேலே பறந்த ஒரு கொக்குக்கு.

சாரல் அடித்தது. அவளுக்குப் பின்னால் கால்கள் சேற்றில் விழும் சத்தம். பந்தின் சத்தம். ஓடுகிறவள் ஆனந்தவள்ளி என்று அடியைக் கேட்டே தெரிந்தது. தங்கபுஷ்பத்தின் காலில் அந்த ஒருமாதிரி வந்தது. இப்ப. உதட்டைக் கடித்தாள். அந்த நொடி போயிற்று. அடிக்கவில்லை. போச்சு என்று நினைத்தாள். பிறகு அசிங்கமாக ஒரு சத்தம், ஈரத் துணியைக் கல்லில் போட்டதுபோல.

பந்தல் முழுக்கக் கத்தியது. குற்றாலீஸ்வரன் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. பக்கத்து டிரைவரிடம், "என்னதுண்ணே, கோலா?" என்று கேட்டான்.

அவள் அப்போதும் திரும்பவில்லை. கடைசி விசில் வரைக்கும் நின்றாள்.

ஜின்சி முதலில் வந்து கையைக் கொடுத்தாள். "ஞான் மிண்டாம இருந்திருக்கணும் சேச்சி" என்று வாயில் விரலை வைத்துக் காட்டிச் சிரித்தாள். சந்தானகிருஷ்ணன் கோப்பையை அணியிடம் கொடுத்துவிட்டு, தங்கபுஷ்பத்தின் பக்கம் குனிந்து, "அடுத்த வருசமும் இப்படித்தான் நிப்பியா? சொல்லிரு, அங்கன ஒரு சேர் போடச் சொல்லுதேன்" என்றார்.

ஆனந்தவள்ளி தலையெல்லாம் சேறாக ஓடி வந்தாள்.

"பாத்தியளாக்கா?"

"இல்ல. எப்படி அடிச்ச? சொல்லு."

சேற்றிலேயே உட்கார்ந்து சொன்னாள். மிஸ்ரியாவும் மற்றவர்களும் சுற்றி உட்கார்ந்தார்கள். நர்ஸிடமிருந்து பந்து வந்தது. ஒருத்தியைக் கடந்தாள். கோல் திறந்திருந்தது. ஜின்சி இடதுபக்கம் சாய்ந்திருந்தாள்.

"அங்கன நான் கத்திருப்பேன்" என்றாள் தங்கபுஷ்பம்.

"தெரியும். எனக்கும் அடிக்கணும்னுதான் இருந்துச்சு. ஆனா அவ வேணும்னுதான் அப்படிச் சாஞ்சிருக்கான்னு தோணுச்சு. இன்னொரு தட்டு தட்டுனேன். வழுக்கிட்டு. முட்டியில பட்டு உள்ள போயிட்டு."

"முட்டியிலயா?"

"ஆமாக்கா."

"மறுபடி சொல்லு. அவ எந்தக் கால ஊனி நின்னா?"

ஆனந்தவள்ளி முதலிலிருந்து தொடங்கினாள்.