அக்கா நடித்த சாவுக் காட்சி

என் அக்கா இருபது வருடத்துக்கு மேல் சினிமாவிலும் சீரியலிலும் நடித்தாள். நர்ஸ், காய்கறிக்காரி, பக்கத்து வீட்டுக்காரி, மாப்பிள்ளையின் பெரியம்மா. எங்கள் ஊர் ஆரணியில் அவளைப் பார்க்கிறவர்கள், "எதுலயோ பார்த்தமே" என்பார்கள். எதில் என்று சொல்ல வராது.

அம்மா இறந்த அன்று அவள் ஏதோ மலைப்பக்கம் படப்பிடிப்பில் இருந்தாள். போன் கிடைக்கவில்லை. மாலை வரை காத்திருந்தோம். "இதுக்கு மேல வெச்சிகினு இருக்க முடியாதுப்பா" என்றார்கள் உறவுக்காரர்கள். நான் சரி என்றேன். ஆற்றங்கரையில் கொள்ளி வைத்துவிட்டு வந்தேன்.

மறுநாள் காலை அக்கா வந்து இறங்கினாள். "பெத்தவள விட சினிமா பெருசாப் போச்சா?" என்று வாசலிலேயே கேட்டாள் சித்தி. அக்கா உள்ளே போய் அம்மாவின் புடவைகளை ஒவ்வொன்றாக மடித்து வைத்தாள். என்னிடமும் ஒன்றும் கேட்கவில்லை. அதன்பின் பல வருடங்கள் நாங்கள் அதைப்பற்றிப் பேசியதே இல்லை.

போன வருடம் அவளுக்கு முழங்கால் வலி அதிகமாக இருந்ததால், தறியை நிறுத்திவிட்டுச் சென்னைக்கு நானே துணைக்குப் போனேன். கதாநாயகியின் அம்மா வேடம். பிணமாகப் படுக்க வேண்டும். மூக்கில் பஞ்சு, கழுத்தில் மாலை. கதாநாயகி சின்னப் பெண். கிளிசரின் போட்டும் அவளுக்கு அழுகை வரவில்லை. திரும்பத் திரும்ப எடுத்தார்கள். இயக்குநர் கத்தினார்.

இடையில் அக்காவை எழுந்து உட்காரச் சொன்னார்கள். "வேணாங்க, மாலை கலைஞ்சிடும்" என்று அப்படியே கிடந்தாள். அந்தப் பெண் பக்கத்தில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தாள். அக்கா கண்ணைத் திறக்காமலே அவளிடம் ஏதோ மெதுவாகச் சொன்னாள்.

அடுத்த முறை அந்தப் பெண் அக்காவின் கையை எடுத்துக் கன்னத்தில் வைத்துக்கொண்டு அழுதாள். கட் சொன்ன பிறகும் நிறுத்த முடியவில்லை. எல்லாரும் அவளுக்குக் கைதட்டினார்கள். அக்கா பஞ்சை எடுத்துவிட்டுத் தண்ணீர் கேட்டாள்.

திரும்பும் பஸ்ஸில், "அந்தப் பொண்ணுகிட்ட இன்னாக்கா சொன்ன?" என்று கேட்டேன்.

"எங்கம்மா போனப்ப நான் இல்லம்மா, கையக்கூடத் தொடல, நீ பக்கத்துலயே இருக்கற, தொடுன்னேன். அவ்ளோதான்டா."

"இன்னும் கொஞ்ச நேரம் வெச்சிருக்கலாம்க்கா. நான்தான் சரின்னுட்டேன்."

"நீ இன்னாடா பண்ணுவ?" என்றாள். "அம்மா முகம் எப்படி இருந்துச்சு? அதச் சொல்லு. இத்தினி வருஷமா கேக்கணும்னு நெனச்சிகினே இருக்கேன்."

பஸ் ஆற்காட்டில் நின்றபோது சொல்லத் தொடங்கினேன். இடது கண் முழுசாக மூடாமல் இருந்தது, யார் குளிப்பாட்டினார்கள், எந்தப் புடவை கட்டினோம், யாரெல்லாம் தூக்கினார்கள். திமிரி தாண்டியும் சொல்லிக்கொண்டிருந்தேன். அக்கா அழவில்லை. சிலவற்றை மட்டும் மறுபடி சொல்லச் சொன்னாள்.