கண் சொக்குகிறது என்று சொன்னவன்

அந்த அறிக்கையில் நீர் எழுதியது பொய், சூப்பர்வைசர். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டியவனின் கவனக்குறைவு என்று எழுதினீர். ஓட்டியவன் நான். கால் நசுங்கியவன் என் மனைவியின் தம்பி.

துறைமுகக் கிடங்கு வாசலில் தினமும் காலையில் கூட்டம் போடுவீர். ‘நலமாக இருக்கிறேன்’ என்ற தாளில் முதலில் கையெழுத்து வாங்கிவிடுவீர். அதற்குப் பிறகுதான் யாருக்காவது உடம்புக்கு முடியவில்லையா என்று கேட்பீர். பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி எல்லாரும் சேர்ந்து இல்லை என்போம். விபத்துக்கு முந்தைய நாள் மாற்று ஆள் வராததால் என்னை இரண்டு ஷிப்ட் சேர்த்து ஓட்ட வைத்திருந்தீர். அதனால் அன்று வாயைத் திறந்தேன்.

“அண்ணாச்சி, கண்ணு சொக்குது. ஒரு மணி நேரம் படுத்துட்டு வாரேன்.”

“யாருலே ஒனக்குச் சொக்குப்பொடி போட்டா? பொண்டாட்டியா?” என்றீர்.

“எங்க அக்காளுக்கு அம்புட்டுச் சாமர்த்தியம் கெடையாது அண்ணாச்சி” என்றான் மைத்துனன். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டு வண்டியில் ஏறினேன். அது என் தப்பு, ஒத்துக்கொள்கிறேன்.

டீ நேரத்துக்கு முன்பு வண்டியைப் பின்னால் எடுத்தேன். அவன் கத்தியதில்தான் விழித்தேன்.

விசாரணைக்கு வந்தவர் என் கையெழுத்தைக் காட்டி, முன்பே ஏன் சொல்லவில்லை என்றார். கண் சொக்குகிறது என்று சொன்னேன் சார் என்றேன். “அது வெளையாட்டுப் பேச்சு சார்” என்று குறுக்கே விழுந்தீர்.

எது விளையாட்டு? உறங்கப் போகிறவன் தானாகப் பாயை விரிப்பான். சொக்கு கேட்காமல் வந்து ஆளை அமுக்கும். ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து போனில் அகராதியில் ‘சொக்கு’ என்று தேடிப் பார்த்தேன். மயக்கம் என்று இருந்தது, ஆளை மயக்கும் பொடி என்றும் இருந்தது. எதிலிருந்து எது வந்தது என்று போடவில்லை. போடாவிட்டால் போகட்டும். மருந்து வைத்து மயக்கப்பட்டவனை எங்கள் ஊரில் யாரும் குற்றம் சொல்ல மாட்டார்கள், வைத்தவனைத்தான் தேடுவார்கள். எனக்கு வைத்தவர் நீர்.

என் துறைமுகப் பாஸைப் பிடுங்கிவிட்டார்கள். மனைவி பேசுவதில்லை. சாட்சி சொல்லச் சொல்லி மைத்துனனிடம் கேட்டேன்.

“நீங்க சொன்னது கேட்டுச்சு அத்தான். நானும்லா சிரிச்சேன், எந்த மூஞ்சியோட போய்ச் சொல்ல?” என்று சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான்.

அவன் வாயை மூடியதற்குக் காரணம் இருக்கிறது. உமக்கு என்ன காரணம்? நாளைக் காலைக் கூட்டத்தில், கையெழுத்து வாங்குவதற்கு முன்னால், அத்தனை பேருக்கும் கேட்கிற மாதிரி பதில் சொல்லும். நான் சொன்னேனா, இல்லையா?