ஜப்பான் பாவாடையும் மன்னார் அம்மாவும்

தையல் தொழிலில் துணி சொன்னபடி கேட்டுவிடும். அம்மாவும் மகளும் ஒன்றாக வந்து நின்றால்தான் நமக்குத் தலைவலி. மெஷினோடு மாரடிக்கும் சகோதரிகளுக்கு இதை நான் சொல்லவா வேண்டும்? மலேசியாவின் ஈப்போவிலிருந்து நியூசிலாந்துக்கு வந்து, ஆக்லாந்தில் ரானுயி பகுதியிலுள்ள எங்கள் வீட்டு கராஜில் சேலை பிளவுஸ் தைத்துக்கொண்டிருந்தேன். ஆக்லாந்துப் பிள்ளைகள் ஜப்பான் கார்ட்டூன் வேடம் போட்டுப் போட்டிகளுக்குப் போகிற பைத்தியம் என் கராஜையும் தேடி வந்தது.

அளவுச் சட்டை

முதலில் வந்தவள் ஷாலினி, யுனிவர்சிட்டி மாணவி. பிளவுஸ் பழக்கத்தில், "அளவுக்கு ஒண்ணு கொண்டாந்துரும்மா" என்று சொல்லி அனுப்பினேன். மறுநாள் ஒரு சாண் உயரப் பிளாஸ்டிக் பொம்மையை மேசையில் நிறுத்தினாள். நீலத் தலைமுடி, கையில் வாள், முழங்கால் வரை பாவாடை. நானும் மும்முரமாக அதன் இடுப்பில் டேப்பைச் சுற்றினேன். ஷாலினி விழுந்து விழுந்து சிரித்தாள்.

"ஆன்ட்டி, டிசைன்தான் அவவின்ர. சைஸ் என்ர!"

நாலு விரல்

போட்டுப் பார்க்க வந்த அன்று அவள் அம்மா மேரியும் கூட வந்தாள். இலங்கை மன்னார்க்காரி, இங்கே எங்கள் பக்கத்துத் தெரு. பாவாடையைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. "சேர்ச்சில சனம் என்ன கதைக்கும்? நாலு விரல் இறக்குங்கோ அக்கா" என்றாள். "தென் ஐம் நாட் கோயிங்!" என்று ஷாலினி காரில் போய் உட்கார்ந்துகொண்டாள். அட்டையை வெட்டி வெட்டி மாதக்கணக்கில் வாள் செய்த பிள்ளை. எனக்கு மனசே கேட்கவில்லை. பெற்றவள் பேச்சைத் தட்டவும் முடியாமல் பாவாடையை இறக்கினேன். மேரியும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"அவளோட சண்டை பிடிக்க எனக்கென்ன ஆசையே அக்கா? பயமாக் கிடக்கு."

ஆல்பனி மண்டபம்

எப்படியோ சமாதானமாகி, போட்டி நடந்த ஆல்பனி மண்டபத்துக்கு மூவரும் போனோம். ஷாலினி இறக்கிய பாவாடையோடு மேடையோரத்தில் உம்மென்று நின்றாள். நடுவர் ஒருவர் அந்தந்தக் கார்ட்டூன் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு உடையாக ஒப்பிட்டுக் குறித்துக்கொண்டிருந்தார். மேரி அவரைப் பார்த்தாள், மகளைப் பார்த்தாள், சட்டென்று தரையில் மண்டியிட்டுப் பாவாடை விளிம்பைப் பிடித்தாள். இன்னும் இறக்கப்போகிறாள் என்று எனக்குப் பகீரென்றது. அவள் என்னிடம் கையை நீட்டினாள்.

"அக்கா, ஊசி இருக்கே? கெதியா மேல மடியுங்கோ, படத்தில இப்பிடியில்லை, மார்க் வெட்டிப்போடுவாங்கள்!"

ஜப்பான்காரர்கள் எந்த வேடத்தை வேண்டுமானாலும் கண்டுபிடிக்கட்டும், மார்க் என்று ஒன்றைப் போட்டுவிட்டால் நம் அம்மாக்கள் ஊரையும் மறப்பார்கள், உலகத்தையும் மறப்பார்கள்.