பிரேமிளாவின் சனிக்கிழமைகள்

பிரேமிளாவின் இடது கை கையுறைக்குள் இருந்து ஊசியைத் தள்ள, வலது கை வெளியே அதை இழுத்து இறுக்கியது. செருப்புத் தைக்கிறவர்கள் பாவிக்கும் மெழுகு நூல். பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவே தோல் பிய்ந்திருந்த இடத்தில் அவள் பதினோரு தையல் போட்டுவிட்டாள். விடுதியில் மற்றவர்கள் இன்னும் பல் துலக்கிக்கொண்டிருந்தார்கள்.

"அக்கா, அதுல தோல விட நூல்தான் கூட," என்றாள் பக்கத்துக் கட்டிலில் கிடந்த நுஸ்ஹா.

"பந்து நின்னா சரி. நீ எந்திரி, ஒம்பதுக்கு மெட்ச்."

கண்டியிலுள்ள அந்தத் தொழிற்பயிற்சிக் கல்லூரியில் முதியோர் பராமரிப்பு, தையல், சமையல் படிக்கும் பெண்களில் பத்துப் பேர்தான் பேஸ்போல் அணி. ஆடுவது ஒன்பது பேர், மிச்சம் ஒருத்தி. கையுறையோ ஏழுதான் இருந்தது. மற்றக் கல்லூரிகளிலும் அதே கதை என்பதால், அந்தப் போட்டித் தொடரில் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டார்கள். தடுத்தாடும் முறை, அதாவது இன்னிங்ஸ், முடிந்ததும் கையுறையைக் கழற்றி, நின்ற இடத்திலேயே புல்லில் வைத்துவிட்டு வரவேண்டும். எதிரணிக்காரி வந்து அதையே எடுத்து மாட்டிக்கொள்வாள். அடுத்தவளின் வியர்வை ஊறிய தோலுக்குள் கையை விட முதல் வாரம் முகம் சுளித்தவர்கள், மூன்றாம் வாரம் அதைப் பற்றிப் பேசுவதையே விட்டுவிட்டார்கள்.

பிரேமிளாவுக்கு இருபத்தாறு வயது. ஹுன்னஸ்கிரியத் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை. அம்மா பாப்பம்மா இன்னும் கொழுந்து எடுக்கிறாள். பள்ளி முடிந்த பிறகு தெல்தெனியவில் ஒரு புடவைக் கடையில் நாலு வருடம் மடித்த சேலையை விரித்து, விரித்ததை மடித்தாள். பிறகு பராமரிப்புப் படிக்க வந்தாள். நோயாளியைப் புரட்டவும் தூக்கவும் அவளுக்குப் பலம் இருந்தது, அருவருப்பு இல்லை. அதுவே இந்த வேலைக்குப் பாதி தேர்ச்சி.

அவளுக்கு விருப்பமான ஒன்று மட்டும் இந்த வேலைகளோடு சேராதது. சித்திரைப் புத்தாண்டுக்குத் தோட்டத்தில் எல்லே விளையாடுவார்கள். மட்டையால் பந்தை அடித்துவிட்டு வட்டமாக ஓட வேண்டும். ஓடுகிறவளின் உடம்பில் பந்தை எறிந்து பட்டால் அவள் வெளியே. தோட்டத்தில் பிரேமிளா எறிந்தால் தப்பியவர்கள் குறைவு. ஆனால் பள்ளியை விட்ட பெண்ணுக்கு அந்த விளையாட்டு வருடத்துக்கு ஒரு நாள்தான். கல்லூரிக்கு வந்த பிறகு வாரத்துக்கு ஒரு நாள் கிடைத்தது. ஒவ்வொரு சனிக்கிழமையும். ஜப்பான் மொழி படிப்பிக்க வந்த ஒரு ஆசிரியை விட்டுப்போன மட்டைகளும் பந்துகளும் அதற்குக் காரணம். பயிற்றுவிப்பாளர் நிஸாம் சேர், வீட்டுக்கு வயரிங் செய்யப் படிப்பிப்பவர். விளையாட்டின் சட்டங்களை அவர் கைத்தொலைபேசியில் பார்த்துப் பார்த்துப் பழகினார்.

படிப்பு ஆடி மாதத்தோடு முடியும். அதன் பிறகு அவளுக்கு ஆடுவதற்கு இடமும் இல்லை, அணியும் இல்லை. இனி ஒரு தோல்வியோடு ஆட்டம் முடியலாம். வென்றால் இன்னொரு சனிக்கிழமை கிடைக்கும். பிரேமிளா போட்டிகளை அந்தக் கணக்கில்தான் பார்த்தாள்.

அன்றைக்கு லீக்கின் கடைசி ஆட்டம், மாத்தளைக் கல்லூரியோடு. வென்றவர்கள் நேரே கொழும்புக்கு, இறுதிச் சுற்றுக்குப் போகலாம். தோற்றவர்களுக்கு இன்னொரு தகுதி ஆட்டம், குருநாகலோடு.

கடைசி முறையில் இவர்கள் ஒரு ஓட்டம் முன்னால். எதிரணியில் இரண்டு பேர் வெளியேறிவிட்டார்கள். இன்னும் ஒருத்தியை வெளியேற்றினால் போதும். இரண்டாம் தளத்திலும் மூன்றாம் தளத்திலும் மாத்தளைப் பெண்கள் ஓடத் தயாராக நின்றார்கள். அணித்தலைவி டிலானி பந்தை வீசினாள். அடிபட்ட பந்து தரையோடு உருண்டு மூன்றாம் தளத்தைக் காக்கும் பிரேமிளாவின் கைக்கே வந்தது. முதல் தளத்தில் நுஸ்ஹா கையை நீட்டிக்கொண்டு நின்றாள். அடித்தவள் அங்கே சேருமுன் நுஸ்ஹாவிடம் எறிந்தால் ஆட்டம் முடிந்தது.

ஆனால் இரண்டாம் தளத்திலிருந்து ஓடி வந்தவள் பிரேமிளாவின் மூக்குக்கு முன்னால் கடந்து போனாள். பிரேமிளா அவள் முதுகில் பந்தை விட்டெறிந்தாள். நச்சென்று பட்டது. பிரேமிளா இரண்டு கையையும் தூக்கித் துள்ளினாள்.

மைதானம் முழுவதிலும் துள்ளியது அவள் ஒருத்திதான். பேஸ்போலில் ஓடுகிறவள்மேல் எறிந்த பந்து பட்டால் அவள் வெளியேறுவதில்லை.

முதுகில் பட்ட பந்து தெறித்து வாய்க்கால் பக்கம் ஓடியது. மூன்றாம் தளத்தில் நின்றவள், ஓட்டம் கணக்காகும் கடைசித் தளமான வீடு சேர்ந்தாள். அடிபட்டவளும் முதுகைப் பிடித்தபடியே ஓடி வீடு சேர்ந்தாள். ஆறுக்கு ஐந்து. மாத்தளை வென்றது.

"அடியே, இது எல்லே இல்லடி!" என்று டிலானி நின்ற இடத்திலிருந்து கத்தினாள். "தோட்டத்துப் புத்தாண்டுன்னு நெனச்சியா?"

பிரேமிளா அடிபட்டவளிடம் ஓடி, சட்டையைத் தூக்கி முதுகைப் பார்த்தாள். பஸ்லினா என்ற அந்தப் பெண்ணின் வலது தோளுக்குக் கீழே வட்டமாகச் சிவந்திருந்தது.

"மூச்ச இழுத்து விடுங்க. குத்துதா?"

"இல்ல. எரியுது," என்றாள் பஸ்லினா. பிறகு சிரிப்பை அடக்க முடியாமல், "எங்களக் கொழும்புக்கு அனுப்பினதுக்கு நன்றி," என்றாள்.

பிரேமிளா ஐஸை ஈரத் துணியில் சுற்றி அங்கே வைத்து, பத்து நிமிடம் பிடித்துக்கொண்டிருந்தாள்.

திங்கட்கிழமை நிஸாம் சேர் சுருக்கமாகச் சொன்னார்: "குருநாகல் மெட்ச்சுக்கு தேர்ட் பேஸ்ல ஸக்கியா நிக்கட்டும். வயர் மாறினா லைட் பத்தாது, பிரேமிளா. உங்கட கையில வயர் மாறித்தான் ஈக்கிது."

பத்தாவது ஆளான ஸக்கியாவுக்கு முகம் வெளுத்துவிட்டது. "சேர், எனக்குப் பந்தக் கண்டா பயம்."

"அப்ப பழகுங்க."

செவ்வாய்க்கிழமை செய்முறை வகுப்பு. கட்டிலில் இருக்கும் நோயாளியைச் சக்கரக் கதிரைக்கு மாற்றுவது. ஸக்கியாதான் நோயாளி. 'ஆளைத் தொடுமுன் கதிரையைப் பார்' என்று சுவரில் ஒட்டியிருக்கும். கதிரை சரியான இடத்தில் நிற்கிறதா, பூட்டியிருக்கிறதா என்று பார்க்காமல் யாரையும் தூக்கக் கூடாது. இது அவர்களுக்கு முதல் மாதத்துப் பாடம். பிரேமிளாவின் மனம் சனிக்கிழமையிலேயே நின்றதால் கதிரையைப் பார்க்காமலே ஸக்கியாவைத் தூக்கிவிட்டாள். கதிரை பின்னால் நழுவியது. ஸக்கியா அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு தொங்கினாள்.

"அக்கா! என்னயும் அவுட்டாக்கப் பாக்குறீங்களா?"

வகுப்பே சிரித்தது. பிரேமிளா சிரிக்கவில்லை. ஸக்கியாவைக் கட்டிலில் இறக்கிவிட்டுச் சுவரைப் பார்த்தாள். ஒரு வருடமாக அவள் ஆளைத் தொடுமுன் கதிரையைப் பார்க்கப் பழகியிருந்தாள். மைதானத்தில் மட்டும் ஆளைத்தான் பார்க்கிறாள்.

அன்று பின்னேரம் ஸக்கியாவையும் நுஸ்ஹாவையும் மைதானத்துக்கு இழுத்துப்போனாள். ஸக்கியா அவளுக்கு முன்னால் குறுக்கே ஓட வேண்டும். நுஸ்ஹா முதல் தளத்தில் நின்று பந்தை உருட்டிவிட வேண்டும். தரையில் உருண்டு வரும் பந்தை எடுக்குமுன் பிரேமிளா 'கதிரை' என்று சத்தமாகச் சொல்லி நுஸ்ஹாவைப் பார்க்க வேண்டும்.

"நானா கதிரை?" என்றாள் நுஸ்ஹா. "நல்ல காலம், கக்கூஸ் கதிரைன்னு சொல்லல்ல."

"பந்து தப்பினா அதத்தான் சொல்வேன்."

முதல் நாள் நாற்பது தரத்தில் ஆறு தரம் கை ஸக்கியாவின் பக்கம் போனது. பந்துக்குப் பதில் சுருட்டிய காலுறையால் எறிந்ததால் யாருக்கும் காயமில்லை. வெள்ளிக்கிழமை ஒரு தரமும் போகவில்லை. நிஸாம் சேர் வேலி ஓரமாக நின்று பார்த்துவிட்டுப் போனார்.

குருநாகலோடு ஆட்டம். சொன்னபடியே ஸக்கியா மூன்றாம் தளத்துக்குப் போனாள். பிரேமிளா ஐஸ் பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தாள். மூன்றாம் முறையில் வேகமாக வந்த பந்துக்கு ஸக்கியா இரண்டு கண்ணையும் இறுக்க மூடிக்கொண்டாள். பந்து காலுக்கிடையால் போனது. எதிரணிக்கு இரண்டு ஓட்டம்.

முறை முடிந்ததும் ஸக்கியா கையுறையைப் புல்லில் வைக்காமல் நேரே கொண்டுவந்து பிரேமிளாவின் மடியில் போட்டாள். "சேர், எனக்கு ஏலா. அவவ அனுப்புங்க. நான் அழுதாலும் கேக்காதீங்க."

"நீங்க ஏன் அழப்போறீங்க?"

"அவ நல்லா வெளாடினா அழுவேன்."

நிஸாம் சேர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "பிரேமிளா. ஓடுற புள்ளைக்கு எறிஞ்சா, கண்டிக்கு நடந்துதான் வரணும். பஸ்ஸுல ஏத்த மாட்டேன்."

"சரி சேர்."

அடுத்த முறையில் வந்த மூன்றாவது பந்து அவளிடம். ஒருத்தி தோளை உரசுகிற மாதிரிக் குறுக்கே ஓடினாள். தோள்மூட்டிலிருந்து விரல் நுனி வரைக்கும் கை அவளை அடிக்கச் சொன்னது. "கதிரை!" என்று பிரேமிளா கத்தினாள். ஓடியவள் திடுக்கிட்டு யாரோ தன்னை உட்காரச் சொல்வதாக நினைத்துத் திரும்பிப் பார்த்தாள். பந்து நுஸ்ஹாவின் கையுறைக்குள் போய் அடைந்தது.

கடைசி முறையில் டிலானி அடித்த பந்து மரவேலியைத் தொட்டது. ஐந்துக்கு நாலு. இன்னொரு சனிக்கிழமை கிடைத்தது.

கொழும்பில் அவர்கள் மூன்று நாள் தங்கினார்கள். அங்கே ஒவ்வொரு அணிக்கும் சொந்தக் கையுறைகள் இருந்தன. யாரும் புல்லில் எதையும் விட்டுவிட்டுப் போகவில்லை. முதல் ஆட்டத்தில் தென்பகுதிக் கல்லூரி ஒன்று எதிரே வந்தது. வெளித்திடலில் இரண்டு பேர் வெறுங்கையோடு நிற்பதை அவர்கள் ஒரு முறை முழுவதும் பார்த்தார்கள். அடுத்த முறையிலிருந்து தங்கள் இரண்டு கையுறையைப் புல்லில் வைத்துவிட்டுப் போகத் தொடங்கினார்கள். அப்படியிருந்தும் கண்டி அவர்களை வென்றது. அவர்களும் கையுறையைத் திரும்ப வாங்கும்போது கைகுலுக்கினார்கள். இரண்டாம் ஆட்டத்திலும் வென்றார்கள். மூன்றாம் நாள், சனிக்கிழமை காலை, அரையிறுதி. பதினொன்றுக்கு இரண்டு. அதில் சொல்ல ஒன்றுமில்லை. எதிரே இருந்தவர்கள் பத்து வருடமாக ஆடுகிறவர்கள். நுஸ்ஹா அழுதாள், பிறகு இரண்டு பார்சல் சோறு சாப்பிட்டாள்.

திரும்பி வரும் பஸ்ஸில், கடுகண்ணாவ ஏற்றத்தில், நிஸாம் சேர் இருக்கையைப் பிடித்தபடி எழுந்து நின்றார்.

"அடுத்த வருஷம் இந்தத் தொடர்ல கழகங்களும் சேரலாம்னு சொல்றாங்க. படிச்சு முடிச்ச புள்ளைகளும் ஆடலாம். ஒம்பது பேர் வேணும். ஒவ்வொரு சனிக்கிழமையும் வர ஏலுமானவங்க மட்டும் பேர் தாங்க. வர ஏலாதவங்க ஓம்னு சொல்லி என்ன ஏமாத்த வேணாம்."

யாரும் உடனே பேர் கொடுக்கவில்லை. டிலானிக்குப் படிப்பு முடிந்ததும் தையல் நிலையத்தில் வேலை. அங்கே சனிக்கிழமை அரை நாள். நுஸ்ஹாவுக்கு வாப்பாவைக் கேட்க வேண்டும். பிரேமிளாவுக்கு அம்பிட்டியவில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை பேசியிருந்தது. மறுநாள் காலை நேரில் வரச் சொல்லியிருந்தார்கள். அங்கே சனிக்கிழமை எப்படி என்று அவளுக்குத் தெரியாது. அதனால் அவளும் பேர் கொடுக்கவில்லை.

காலை ஐந்தரைக்கு அம்மாவுக்குத் தொலைபேசியில் விஷயத்தைச் சொன்னாள்.

"நீ வேலைக்குப் போறியா, பந்தடிக்கப் போறியா?" என்றாள் பாப்பம்மா.

"ரெண்டுக்கும்மா."

"சரி. மொதல்ல வேலையப் புடி."

ஆறே காலுக்கு அம்பிட்டிய. இல்லத்தை நடத்தும் மஸாஹிரா சான்றிதழைப் பார்த்தார், கை நகங்களைப் பார்த்தார், சம்பளம் சொல்ல வாயெடுத்தார். பிரேமிளா முந்திக்கொண்டாள்.

"அதுக்கு முந்தி ஒன்னு கேக்கணும் மேடம். எனக்குச் சனிக்கிழமை லீவு வேணும். ஞாயிறு, போயா, பெருநாள், தீபாவளி எல்லாம் வேல செய்றேன்."

"சனிக்கிழமைதானே எல்லாரையும் குளிப்பாட்டுற நாள்? ஞாயிறு ஒம்பதுக்கு வீட்டாக்கள் பாக்க வருவாங்க. அவங்களுக்கு முன்னுக்கு ஊத்தையா வைக்க ஏலுமா? சனிக்கிழம என்ன வேல உங்களுக்கு?"

"பேஸ்போல் விளையாடப் போறேன்."

மஸாஹிரா மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "இந்த வேலைக்கு வந்தவங்க கல்யாணத்துக்கு லீவு கேட்டீக்கிறாங்க. மையத்து அடக்கத்துக்குக் கேட்டீக்கிறாங்க. இதுக்கு யாரும் கேக்கல்ல."

"ஞாயித்துக்கிழம ஆறுக்கே வந்து ஒம்பதுக்கு முன்னாடி குளிப்பாட்டி முடிச்சிர்றேன், மேடம்."

"எட்டுப் பேர. மூணு மணித்தியாலத்துல."

"பாத்துட்டுச் சொல்லுங்க."

"நேத்து ஆளில்லாம நாலு பேரத்தான் குளிப்பாட்டின. மத்த நாலு பேரும் உள்ளுக்கு ஈக்கிறாங்க," என்றார் மஸாஹிரா. மணி ஆறே முக்கால். "பாப்பம்."

பிரேமிளா சுடுதண்ணீரை முழங்கையில் தொட்டுப் பார்த்தாள், துவாய்களை எட்டும் தூரத்தில் வைத்தாள், குளியல் கதிரையின் சக்கரங்களைப் பூட்டினாள். முதல் ஆள் திட்டினார். இரண்டாவது ஆள் பாடினார். மூன்றாவது அம்மா தலைக்கு வேண்டாம் என்று சண்டை பிடித்துவிட்டு, முடிந்ததும் இன்னொரு வாளி கேட்டார். நாலாவது ஆளின் விரலிடுக்குகளைத் துடைத்து பவுடர் போட்டு முடித்தபோது எட்டுப் பத்து.

மஸாஹிரா நாலு பேரின் காதுக்குப் பின்னாலும் விரலால் தடவிப் பார்த்தார். "சனிக்கிழமை போங்க. ஆனா கையொடிச்சிக்கிட்டு வந்தா நான்தான் உங்களக் குளிப்பாட்ட வேண்டி வரும், அதச் சொல்லிட்டேன்."

ஈரத் துவாய்களைக் கொடியில் போட்டுவிட்டு பிரேமிளா நிஸாம் சேரை அழைத்தாள். "சேர், மொதப் பேரா என்னயப் போடுங்க."

"ரெண்டாவதாத்தான் போடலாம்," என்றார் நிஸாம் சேர். "சுபஹு தொழுதுட்டு வரக்குள்ள ஸக்கியா பேர் தர போன்ல கோல் எடுத்திட்டா. கண்ணத் தொறந்துக்கிட்டு நிக்கப் பழகப்போறாவாம்."

பிரேமிளா அடுத்ததாக நுஸ்ஹாவின் எண்ணை அழுத்தினாள்.